வஸ்தாதுக்கு ஒரு வழியனுப்பு

டிசம்பர் மாதத்து ஞாயிற்றுக்கிழமை. பெங்களூரில் அந்த மாதத்தில் வெயிலும் சோம்பேறிதான், பத்து மணிக்கு முன்னால் வாசல் தாண்டி வராது. தங்கை மகளின் பையன் போர்வைக்குள் கைபேசியை வைத்துக்கொண்டு விசும்பிக்கொண்டிருந்தான். வயிற்று வலியோ என்று பதறிப்போய் விலக்கிப் பார்த்தால், "ஜான் சீனா தோத்துட்டாரு தாத்தா" என்கிறான்.

அந்த ஊர் நேரத்துக்கு 2025 டிசம்பர் 13 இரவு, வாஷிங்டனில், ஜான் சீனாவின் கடைசிச் சண்டை. பதினேழு தடவை உலகச் சாம்பியன் பட்டம் வாங்கியவர். எதிரே குந்தர் என்கிற ஆஸ்திரியாக்காரர். அவர் பின்னாலிருந்து கழுத்தை வளைத்துப் பிடித்திருக்கிறார். விடுபட முடியாமல் தவிக்கிற சீனா, ஒரு கட்டத்தில் லேசாகச் சிரிக்கிறார். பிறகு கையால் தட்டி, தோல்வியை ஒப்புக்கொள்கிறார். அரங்கமே அடித்தொண்டையில் கூச்சல் போடுகிறது. பையன் அந்த இடத்தை மறுபடியும் மறுபடியும் ஓட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டான்: "தோக்கும்போது எதுக்கு தாத்தா சிரிச்சாரு?"

"அதெல்லாம் முன்கூட்டியே பேசி வெச்சதுடா" என்று சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. இதே வார்த்தையை நான் அவன் வயதில் சொல்லி, உச்சந்தலையில் வாங்கிய குட்டு அந்த நேரத்தில் ஞாபகம் வந்துவிட்டது. குட்டியவர் என் பெரியப்பா.

ஸ்ரீராமபுரத்தில் இருந்தோம். பின்னி மில் சங்கு ஊதினால் எங்கள் தெருவில் பாதி ஆண்கள் செருப்பை மாட்டிக்கொள்வார்கள், அதில் பாதிப் பேர் வடாற்காட்டுப் பக்கத்திலிருந்து வந்தவர்கள். பெரியப்பாவும் மில்லில்தான் இருந்தார். ஆனால் யாரும் அவரை மில்காரர் என்று சொன்னதில்லை. வஸ்தாது, அதாவது குஸ்தி வாத்தியார், என்றுதான் சொல்வார்கள். மளிகைக் கடை நோட்டிலேயே கணக்கு "வஸ்தாது வீடு" என்றுதான் இருக்கும்.

விடிவதற்கு முன்னால் என்னையும் கைப்பிடித்து நடத்திக்கொண்டு பேட்டைப் பக்கத்துக் கரடி மனைக்குப் போவார். கரடி மனை என்றால் கன்னடத்தில் பயில்வான்கள் பழகும் கூடம். வாசலில் தலையைக் குனிந்துதான் நுழைய வேண்டும், அவ்வளவு தாழ்ந்த நிலைப்படி. உள்ளே ஒரு ஆஞ்சநேயர், அவருக்கு முன்னால் ஒரு அகல் விளக்கு, சுவரோரம் கர்லாக்கட்டைகள், கல் குண்டுகள், நடுவில் செம்மண் குழி. அந்த மண்ணை வெறும் மண் என்று நினைத்துவிடக் கூடாது. சலித்து, நல்லெண்ணெயும் மஞ்சளும் எலுமிச்சம்பழச் சாறும் விட்டுப் பிசைந்து, வேப்பிலை போட்டு, அவ்வப்போது நெய்யும் சேர்த்து வளர்த்த மண். எண்ணெயும் வியர்வையும் மஞ்சளும் கலந்த அந்த வாசனை சட்டையில் ஏறினால் இரண்டு சலவைக்குப் போகாது. பெரியம்மாவுக்கு அந்த வாசனை ஆகவே ஆகாது.

எங்களைப் போன்ற பொடியன்களுக்கு வேலை மண்ணைக் கொத்திவிடுவது. அதற்குப் பிறகு பஸ்கி, தண்டால். பெரியவர்கள் குழியில் இறங்கும் முன் குனிந்து மண்ணைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார்கள். ஒரு பிடி எடுத்து எதிராளியின் தோளில் தூவுவார்கள். எண்ணுவது கன்னடத்தில், திட்டுவது உருதுவில், முடிந்த பிறகு வெளியே டீக்கடையில் கதையடிப்பது தமிழில். எந்த மொழிக்காரன் எந்த மொழியில் திட்டு வாங்கினாலும் அங்கே யாருக்கும் கோபம் வந்து நான் பார்த்ததில்லை. வெளியே மொழிக்காகக் கல் பறந்த வருஷங்களிலும் அந்தக் குழிக்குள் அது வரவில்லை.

ஜே.சி. சாலையில் அப்போது கே.வி. ஐயர் ஏற்படுத்திய வியாயாமசாலை பிரபலம். மைசூர் மகாராஜா நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் ஆதரவோடு வளர்ந்த இடம். ஐயர் உடற்பயிற்சி பற்றியும் எழுதினார், கன்னடத்தில் 'சாந்தலா' என்று நாவலும் எழுதினார். படித்த பையன்கள் அங்கே போவார்கள். பெரியப்பாவுக்கு ஐயர்மேல் மரியாதை உண்டு, அவருடைய சிஷ்யர்கள்மேல் கிடையாது. "கண்ணாடிப் பயில்வானுங்க" என்பார். கண்ணாடி முன்னால் நின்று புஜத்தை முறுக்கிப் பார்த்துக்கொள்கிறவர்களாம். மண்ணில் முதுகு படாதவன் என்ன பயில்வான் என்பது அவர் கட்சி.

பயில்வானுக்குச் சாப்பாடு போட்டுக் கட்டாது. பாலும் பாதாமும் நெய்யும் மகாராஜாக்கள் கொடுத்த காலம் போய், மில் சம்பளத்தில் நடக்க வேண்டிய காலம். பெரியப்பா ராகி முத்தையை உருட்டி உருட்டி விழுங்குவார். "இந்த வீட்டுக்கு ஒரு பயில்வான் வந்ததுக்கு பதிலா ரெண்டு எருமை வந்திருந்தா பாலாவது கெடைச்சிருக்கும்" என்று பெரியம்மா அடுப்படியிலிருந்து சொல்வார். அவர் பதில் பேச மாட்டார். ஆஞ்சநேயருக்கு அடுத்தபடி அவர் பயந்தது பெரியம்மாவுக்குத்தான்.

ஆஞ்சநேயருக்குச் சமமாக இன்னொருவரும் அந்தக் கூடத்தில் இருந்தார். சினிமாப் பத்திரிகையிலிருந்து கத்தரித்து ஒட்டிய தாராசிங் படம்.

இந்தத் தலைமுறைக்குத் தாராசிங் என்றால் வெறும் வசவு. "பெரிய தாராசிங்குன்னு நெனப்பா?" என்று கேட்பதோடு சரி. பஞ்சாபில் அமிர்தசரஸ் பக்கத்துத் தர்மூசக் கிராமத்தில் 1928இல் பிறந்த விவசாயி மகன். பிழைப்புக்காக 1947இல் சிங்கப்பூர் போனவர், அங்கேதான் மேடை மல்யுத்தத்துக்கு வந்தார். கயிறு கட்டிய மேடை, டிக்கெட், விளக்கு, விளம்பரத் தட்டி என்று நம் மண் குஸ்திக்குச் சம்பந்தமில்லாத உலகம் அது. மலேயாவிலிருந்த எங்கள் உறவுக்காரர் ஒருவர் விடுமுறைக்கு வரும்போதெல்லாம் தைலமும் பிஸ்கோத்து டின்னும் கொண்டுவருவார், கூடவே தாராசிங்–கிங்காங் சண்டைக் கதைகளையும். கிங்காங் என்பது எமில் சாயா என்கிற ஹங்கேரிக்காரர். இருநூறு கிலோ ஆகிருதி. மீசையும் தாடியுமாக வருகிற அந்த மனிதர் மேடையேறினாலே பலகை முனகும் என்பார் உறவுக்காரர். 1970இல் கார் விபத்துக்குப் பிறகு சிங்கப்பூரில் இறந்துபோனார். ஆனால் பெயர் தமிழ்நாட்டில் தங்கிவிட்டது. இத்தனூண்டு உயரமுள்ள ஒரு நகைச்சுவை நடிகருக்கு அந்தப் பெயரை வைத்த குசும்பு நம் ஆட்களுக்குத்தான் வரும்.

பெரியப்பா தாராசிங்கை நேரிலேயே பார்த்திருக்கிறாராம். பெங்களூரில், ராத்திரி வெளிச்சத்தில், முன் வரிசையில். கதையைச் சொல்லும்போதெல்லாம் இடம் மாறும், எதிராளி மாறுவார், டிக்கெட் விலை ஏறும் இறங்கும். ஒரு தடவை எதிராளியைத் தலைக்குமேல் தூக்கிச் சுழற்றி வெளியே எறிந்ததில் அவர் இவர் மடியிலேயே வந்து விழுந்தார். இன்னொரு தடவை பக்கத்து நாற்காலியில் விழுந்தார். மாறாத விஷயம் ஒன்றுதான், சண்டை முடிந்து போகும்போது தாராசிங் இவரைப் பார்த்துத் தலையசைத்தது. 1962இல் 'கிங் காங்' என்ற பெயரிலேயே தாராசிங் நடித்து இந்திப் படம் வந்தபோது கரடி மனையே படையெடுத்துப் போயிருக்கிறது. இந்தி ஒருவருக்கும் தெரியாது. தெரிய வேண்டிய படமும் அல்ல.

ஒருநாள் பள்ளிக்கூடத்தில் எவனோ சொன்னதை நம்பி வீட்டில் வந்து ஒப்பித்தேன்: "தாராசிங் சண்டையெல்லாம் முன்னாடியே பேசி வெச்சுக்குவாங்களாம் பெரியப்பா." அப்போது விழுந்ததுதான் அந்தக் குட்டு. குட்டிவிட்டு, அவர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "நூறு கிலோ மனுசன் ஆறடி உயரத்துல இருந்து பலகையில விழறான். விழுந்ததும் பேசி வெச்சதா? எலும்புகிட்ட யாருடா பேசறது?"

வகுப்பில் எனக்கு வேறொரு தொந்தரவும் இருந்தது. ராஜ்குமார் நடித்த 'ரணதீர கண்டீரவ' 1960இல் வந்த படம். நான் படிக்கிற காலத்திலும் பேட்டைத் தியேட்டர்களில் திரும்பத் திரும்ப ஓடியது. மைசூரை ஆண்ட கண்டீரவ நரசராஜ உடையார் மாறுவேஷத்தில் திருச்சிராப்பள்ளிக்குப் போய், அங்கே யாராலும் வெல்ல முடியாதிருந்த பயில்வானை வென்று வந்தார் என்பது இங்கே குழந்தைக்கும் தெரிந்த கதை. கண்டீரவா ஸ்டேடியத்தின் பெயர் அவருடையதுதான். கன்னடப் பையன்கள் என்னைப் பார்த்து, "உங்க ஊர் பயில்வானை எங்க ராஜா என்ன பண்ணாரு தெரியுமா?" என்று தொடங்குவார்கள். அழுதுகொண்டு பெரியப்பாவிடம் போனேன். அவர் கர்லாக்கட்டையைக் கீழே வைக்காமலே சொன்னார்: "அவ்ளோ பெரிய ராஜா குஸ்தி போட ஆள் தேடி திருச்சி வரைக்கும் போனாரில்ல? அப்ப ஆள் எங்க இருந்தான்னு கேளு." மறுநாள் போய்க் கேட்டேன். அதற்குப் பிறகு அந்தப் பேச்சு குறைந்தது.

அந்த ஸ்டேடியம் இருக்கும் இடம் ஒரு காலத்தில் சம்பங்கி ஏரி. ஏரியைத் தூர்த்து மைதானமாக்கிய பிறகும் கரகத் திருவிழாச் சடங்குக்காக ஒரு மூலையில் சின்னக் குளம் மிச்சம் வைத்திருக்கிறார்கள். சைத்திர மாதப் பௌர்ணமிக் கரகத்துக்குக் கத்தியோடு கூட வருகிற வீரகுமாரர்கள் பலர் கரடி மனைகளில் உடம்பை உருட்டியவர்கள்தான். அந்த மாதம் மட்டும் எங்கள் கூடத்தில் கூட்டம் நிறையும், பெரியப்பாவின் குரலும் ஏறும்.

1983இல் டில்லியிலிருந்து அந்தச் செய்தி வந்தது. தாராசிங் மேடையிலிருந்து விடைபெறுகிறார். கடைசிப் போட்டித் தொடரை ராஜீவ் காந்தி தொடங்கிவைத்தார். கோப்பையை ஜனாதிபதி ஜெயில் சிங் கையால் வாங்கிக்கொண்டு தாராசிங் இறங்கினார். அப்போது அவருக்கு ஐம்பத்து நான்கு வயது. பெரியப்பா பத்திரிகையை நாலாக மடித்து மடியில் வைத்துக்கொண்டு கரடி மனைத் திண்ணையில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். அவருக்கும் ஏறக்குறைய அதே வயதுதான். அதைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தவர், அன்றைக்குச் சொல்லவில்லை.

பையன்களுக்கு யோசனை அப்போதுதான் உதித்தது. டில்லிக்காரர்கள் செய்யும்போது நாம் நம் வஸ்தாதுக்குச் செய்ய வேண்டாமா? கரடி மனையில் அப்படி ஒரு வழக்கமே கிடையாது. அங்கே யாரும் ஓய்வு பெறுவதில்லை. குழியில் இறங்குவது ஒருநாள் நிற்கும், மறுநாளிலிருந்து கரையில் உட்கார்ந்து "இடுப்பைப் பிடிடா, கழுத்தை விடுடா" என்று கத்துவார்கள். சாகும் வரைக்கும் கத்துவார்கள். விழா எடுப்பது என்பதே தாராசிங்கைப் பார்த்து வந்த ஆசை. பெரியப்பா முதலில் மறுத்தார். மில்லில் ஓய்வு பெற்றால் மாலை போட்டுக் கடிகாரம் கொடுப்பார்கள், இங்கே என்னத்துக்கு என்றார். அப்புறம் எந்தத் தேதி என்று கேட்டார்.

பக்கத்து மைதானத்தில் நாலு மூலையிலும் சவுக்குக் கம்பம் நட்டு, கயிறு கட்டி, லாரி மண் கொட்டி, கரடி மனை மண்ணை நாலு கூடை கொண்டுபோய்க் கலந்தோம். ஒலிபெருக்கியில் ராஜ்குமார் பாட்டு, நடுநடுவே எம்.ஜி.ஆர். பாட்டு. ஏற்பாட்டுக் கமிட்டியிலேயே இரண்டு கட்சி. தமட்டைக்காரர்கள் சாயங்காலத்திலிருந்து விடாமல் அடித்தார்கள். தலைமை தாங்க வருவதாகச் சொன்ன பிரமுகர் வரவே இல்லை. அவருக்காக வாங்கிய மாலை வாடிக்கொண்டிருந்ததைப் பார்த்து, கரடி மனைக்கு நாள் தவறாமல் பால் ஊற்றிய கிழவரைத் தலைமை நாற்காலியில் உட்காரவைத்தார்கள். நியாயமான முடிவு. பயில்வான்களை வளர்த்ததில் அவர் பங்கு எந்தப் பிரமுகரின் பங்கையும்விடப் பெரிது, பாக்கியும் அவருக்குத்தான் நிறைய இருந்தது.

சின்னப் பையன்கள் ஜோடி, நடுவயசு ஜோடி எல்லாம் முடிந்து, கடைசியில் பெரியப்பா. எதிரே அவர் வளர்த்த சிஷ்யன். அந்த வட்டாரத்திலேயே கைதேர்ந்தவன், இருபத்தைந்து வயது, தசராக் குஸ்திக்கு மைசூர் போய் வந்தவன். என்ன நடக்கப்போகிறது என்று கூடியிருந்த எல்லோருக்கும் தெரியும். விடைபெறும் வஸ்தாதை மண்ணில் சாய்க்கிற சிஷ்யன் எந்த ஊரில் இருக்கிறான்? இருந்தும் ஒருவரும் நகரவில்லை.

இருவரும் மண்ணைத் தொட்டுக் கும்பிட்டார்கள். சிஷ்யன் குருவின் காலைத் தொட்டான். பிறகு கை கோத்தார்கள். முதல் இரண்டு நிமிஷம் நிஜம். அவன் கழுத்தில் வைத்த கையைப் பெரியப்பா தட்டிவிட்ட வேகத்தைப் பார்த்து எனக்கே திக்கென்றது. மூச்சு வாங்க ஆரம்பித்ததும் அவர் ஒருமுறை சறுக்கினார். முழங்கால் மடங்கியது. அவன் நினைத்திருந்தால் அந்தக் கணத்தில் முடித்திருக்கலாம். முடிக்கவில்லை. பிடியை இறுக்குவதுபோல் அணைத்து அவரை நிமிர்த்திவிட்டான். அது பிடியா தாங்கலா என்று அடுத்த ஆளுக்குத் தெரியாது. குழியோரத்தில் குந்தியிருந்த எங்களுக்குத் தெரிந்தது. பிறகு பெரியப்பா இடுப்பைத் திருப்பினார். தோபி. வண்ணான் துணியைத் தோளுக்குமேல் சுழற்றிக் கல்லில் அறைகிற மாதிரி எதிராளியைச் சுழற்றுகிற பிடி, அவருக்கே உரிய பிடி. சிஷ்யனின் இரண்டு கால்களும் ஆகாயத்தில் தெரிந்தன. முதுகு முழுக்க மண்ணில் விழுந்த சத்தம் தமட்டையைத் தாண்டிக் கேட்டது.

ஊரே எழுந்தது. மைசூர்ப் பேட்டா கட்டிவிட்டார்கள், சால்வை போட்டார்கள், பழத்தட்டும், வெள்ளிப் பூச்சுப் போட்ட ஒரு கதாயுதமும் கொடுத்தார்கள். பெரியம்மா முதன்முதலாக அன்றுதான் குஸ்தி பார்க்க வந்திருந்தார். பழத்தட்டைக் கையில் வாங்கிக்கொண்டு, "ஆப்பிள் எல்லாம் அடியில அழுகல்" என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் காலை வழக்கம்போல மண் கொத்தப் போனேன். பெரியப்பா குழிக்குள் இறங்காமல் கரையில் உட்கார்ந்திருந்தார். குட்டுக்குத் தயாராகவே கேட்டேன். "நேத்து அண்ணன் வேணும்னே விழுந்தாருதானே பெரியப்பா?" குட்டு விழவில்லை. "அந்த மாதிரி விழறதுக்கு அவனுக்கு யாரு சொல்லிக்குடுத்தா?" என்றார். உண்மைதான். கரடி மனையில் முதல் ஆறு மாதம் எந்தப் பிடியும் சொல்லித்தர மாட்டார்கள். விழத்தான் சொல்லித்தருவார்கள். மோவாய் நெஞ்சோடு ஒட்ட வேண்டும், மூச்சை விட்டுக்கொண்டே விழ வேண்டும், முழங்கையை ஊன்றக் கூடாது. அதைச் சரியாகச் செய்கிறவனால்தான் எதிராளியையும் அடிபடாமல் தூக்கிப் போட முடியும்.

மேடை மல்யுத்தத்தின் வழியனுப்பு விழாக்களைப் பின்னால் நிறையப் பார்த்தேன், முதலில் கேபிள் டி.வி.யில், பிறகு கணினியில். அங்கே பெரும்பாலும் முறை தலைகீழ். போகிறவர் தோற்க வேண்டும், இருக்கிறவன் கையில் வெற்றியைக் கொடுத்துவிட்டுத்தான் இறங்க வேண்டும். 2008இல் ஒர்லாண்டோவில் ரிக் பிளேர் விடைபெற்ற சண்டையில், கடைசி உதையை உதைப்பதற்கு முன் ஷான் மைக்கேல்ஸ் கண்கலங்கி, மன்னிப்புக் கேட்டுவிட்டு உதைத்தார். நான் அழுதேன். முடிவு எழுதிவைத்தது என்று தெரிந்தேதான் அழுதேன். கூத்தில் கர்ணன் சாவான் என்று தெரியாமலா விடிய விடிய உட்கார்ந்திருக்கிறோம்? ஜப்பானில் அந்தோனியோ இனோகி மட்டும் 1998இல் டோக்கியோ டோமில் ஜெயித்துவிட்டு இறங்கினார். முகமது அலியே வந்திருந்து வாழ்த்தினார். தாராசிங் கட்சி அது, பெரியப்பா கட்சியும் அதுதான். இந்தத் தொழிலில் ஓய்வு என்ற பேச்சையும் அளவாகத்தான் நம்ப வேண்டும். தாராசிங் விடைபெற்ற அதே 1983இல் டோக்கியோவில் கண்ணீர் மல்க விடைபெற்ற அமெரிக்கர் டெரி ஃபங்க், அடுத்த வருஷமே திரும்பிவந்து, எழுபது வயது தாண்டியும் மேடையேறினார். பிளேரும் 2022இல் எழுபத்து மூன்று வயதில் இன்னொரு கடைசிச் சண்டை போட்டார்.

தாராசிங் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார், ஆனால் வேறு வேஷத்தில் திரும்பிவந்தார். 1987இல் ஞாயிறு காலைகளில் ராமானந்த் சாகரின் ராமாயணம் வந்தபோது, அனுமாராக அவர் நின்றார். தெருவில் டி.வி. இருந்த வீட்டில் கற்பூரம் காட்டிவிட்டுத்தான் தொடரைப் பார்ப்பார்கள். கரடி மனை ஆட்களுக்கு வந்த திகைப்பைச் சொல்லி முடியாது. சுவரில் ஆஞ்சநேயர் ஒரு பக்கம், தாராசிங் ஒரு பக்கம் என்று இத்தனை வருஷம் கும்பிட்டவர்கள். இப்போது இரண்டும் ஒரே ஆள். பெரியப்பா திரைக்கு மிக அருகில் உட்கார்ந்து, கதை எதையும் கவனிக்காமல், "கதாயுதத்தைப் பிடிக்கிற மணிக்கட்டைப் பாரு" என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

இன்று பேட்டையில் கரடி மனைகள் சில மிஞ்சியிருக்கின்றன. சிலவற்றில் செம்மண்ணை மூடி ரப்பர் விரிப்பும் இரும்புத் தட்டுகளும் சுவர் முழுக்கக் கண்ணாடியும் வந்துவிட்டன. பெரியப்பா சொன்ன கண்ணாடிப் பயில்வான்கள் கடைசியில் ஜெயித்துவிட்டார்கள்.

அவர் காலம் முடிவதற்குக் கொஞ்சம் முன்னால், வீட்டுப் பையன்களிடம் டிரம்ப் கார்டு பைத்தியம் வந்தது. ஒவ்வொரு சீட்டிலும் ஒரு மல்யுத்த வீரரின் படம், கீழே ரேங்க், உயரம், எடை, மார்பளவு, சண்டைகள், வெற்றிகள். எண்ணைச் சொல்லிச் சீட்டைப் பிடுங்கும் விளையாட்டு. யோகோசுனா சீட்டு கையில் இருந்தால் எடையில் யாரும் தொட முடியாது. பெரியப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு சீட்டாகப் புரட்டிப் பார்த்தார். "தாராசிங் எங்கே?" என்றார். இல்லை என்றதும் அவருக்கு வந்த கோபத்தைப் பார்த்து, பையன்கள் கல்யாணப் பத்திரிகை அட்டையைக் கத்தரித்து ஒரு சீட்டுத் தயார் பண்ணினார்கள். விவரம் எல்லாம் அவர் சொல்லச் சொல்ல எழுதியது. உயரம் ஆறடி இரண்டு அங்குலம். எடை 127 கிலோ. ரேங்க் ஒன்று. சண்டைகள் ஐந்நூறு, வெற்றிகள் ஐந்நூறு. "அதெப்படி தாத்தா, ஒண்ணுகூடவா தோக்கல?" என்று ஒருவன் கேட்டான். "எழுதுடா" என்றார்.

இரண்டு நாள் விளையாடினார்கள். அந்தச் சீட்டு யாரிடம் போனாலும் அவனே ஜெயித்துக்கொண்டிருந்தான். மூன்றாம் நாள் பையன்கள் கூடிப் பேசி அதை ஆட்டத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். பெரியப்பா விடவில்லை. எடுத்துவிட்டீர்கள் சரி, ஒரு மாலை போட வேண்டாமா என்று கேட்டு, அவர்களை ஆளுக்கு நாலணா போடவைத்து, பூக்காரம்மாவிடம் அரை முழம் கதம்பம் வாங்கிவரச் செய்தார்.